கடன்பட்ட கமக்காரனும் நீதிமன்றமும்

கமத்தொழிலுக்காகக் கொடுக்கப்படும் கடன் மற்றைக் கடன்களைப் போன்றதன்று. வணிகன் ஒருவன் கடன்பட்டுப் பொருள் வாங்கினால், வாங்கிய பொருளைச் சில நாட்களுள் விற்று முதலையும் வட்டியையும் தீர்த்துவிடலாம். கமக்காரனோ விதைக்கும் நாளிற் பணத்தைப் பெற்று, அறுக்கும் நாளில் அதனைத் திருப்பிக் கொடுப்பதாக ஒப்புக்கொள்கின்றான். அவ்விரு நாட்களுக்குமிடையே மழை பொய்க்கலாம், வெள்ளம் பெருகலாம், பூச்சி விழலாம், இவை யாவற்றினின்றும் பயிர் தப்பிய பின்னரும் சந்தையில் விலை சரிந்துவிடலாம். இவற்றுள் ஒன்றேனும் அவன் கைக்குள் அடங்கியதன்று. ஆனால் கடனுறுதியிற் குறிக்கப்பட்ட தவணை நாள் மட்டும் அசையாது நிற்கின்றது.

தவணை தவறிய கமக்காரன் நீதிமன்றத்தின் முன் நிறுத்தப்படும்போது, நீதிமன்றம் செய்யத்தக்கது யாது? உறுதியில் எழுதியபடி நிலத்தை ஏலத்தில் விற்கக் கட்டளையிடுவதோடு அதன் கடமை முடிந்துவிடுகின்றதா? அன்றி, தவறு எதனால் நேர்ந்தது, அவகாசம் கொடுத்தால் கடன் தீருமா, கடன் கொடுத்தவர் தாம் செய்யவேண்டியவற்றைச் செய்தாரா என்றெல்லாம் ஆராய அதற்கு அதிகாரமுண்டா? இவ்வினாக்களுக்கு ஐக்கிய அமெரிக்காவின் நீதிமன்றங்கள் இரு வேறு காலங்களில் விடை தேட வேண்டியிருந்தது. ஒன்று 1930ஆம் ஆண்டுகளிலே தோன்றிய பெருமந்தக் காலம். மற்றையது 1980ஆம் ஆண்டுகளிலே கமத்தொழிலைத் தாக்கிய நெருக்கடிக் காலம். அவ்விரு காலங்களிலும் அளிக்கப்பட்ட தீர்ப்புக்கள், கடன் கொடுப்போரும் கடன்படுவோரும் ஒருங்கே அறிந்துகொள்ளத் தக்கவை.

முதலில் ஈட்டுக்கடன் நடைபெறும் முறையைச் சுருக்கமாகக் காணலாம். கமக்காரன் தன் நிலத்தை ஈடாக வைத்துப் பணம் பெறுகின்றான். ஆண்டுதோறும் முதலின் ஒரு பகுதியையும் வட்டியையும் செலுத்தி வருகின்றான். ஒரு தவணை தவறினால், உறுதியிலுள்ள நிபந்தனைப்படி, எஞ்சிய கடன் முழுவதையும் உடனே செலுத்துமாறு கேட்கும் உரிமை கடன் கொடுத்தவருக்கு உண்டாகின்றது. இருபது ஆண்டுகளிற் செலுத்த வேண்டிய தொகை ஒரே நாளில் வந்து தலைமேல் விழுகின்றது. ஓராண்டுத் தவணையையே செலுத்த இயலாதவன் முழுத்தொகையையும் எங்ஙனம் செலுத்துவான்? ஆதலின் நிலம் ஏலத்துக்கு வருகின்றது. ஏலம் முடிந்த பின்னரும் குறிக்கப்பட்ட காலத்துள் பணத்தைக் கட்டி நிலத்தை மீட்டுக்கொள்ளும் உரிமையைப் பல மாநிலங்களின் சட்டங்கள் அளித்தன. அக்காலம் கடந்துவிட்டால் நிலம் கைமாறிவிடும்.

முதலாம் உலகப் போரையடுத்து 1919ஆம் ஆண்டில் அமெரிக்கக் கமக்காரன் ஒரு புசல் கோதுமைக்குச் சராசரியாக 2 டொலர் 16 சதம் பெற்றான். 1932ஆம் ஆண்டில் அவன் பெற்றது 38 சதம் மாத்திரமே. கோதுமையின் விலை ஆறிலொரு பங்கிலும் சற்றே கூடிய அளவுக்கு வீழ்ந்துபோயிற்று. கடன்தொகையோ ஒரு சதமேனும் குறையவில்லை. முன்னர் ஆயிரம் புசல் விற்றுத் தீர்த்திருக்கக்கூடிய கடனுக்கு இப்பொழுது ஏறத்தாழ ஆறாயிரம் புசல் வேண்டியதாயிற்று. சோம்பேறியும் உழைப்பாளியும், ஊதாரியும் சிக்கனக்காரனும் ஒரே வெள்ளத்தில் அகப்பட்டனர்.

மத்திய சமவெளி மாநிலங்களில் நிலங்கள் ஒன்றன்பின் ஒன்றாக ஏலத்துக்கு வந்தன. சட்டத்தினாற் பயன் காணாத மக்கள் தாமே வழி தேடத் தலைப்பட்டனர். அயலவர் கூட்டமாக ஏலத்துக்குச் சென்று, வெளியார் எவரும் விலை கூறாதவாறு தடுத்து, பசுவையும் கலப்பையையும் சில சதங்களுக்குக் கேட்டு வாங்கி, உடையவனிடமே திருப்பிக் கொடுத்தனர். இவை ‘சத ஏலங்கள்’ எனப் பெயர்பெற்றன. ஆனால் எல்லாம் இவ்வாறு அமைதியாக முடியவில்லை. 1933ஆம் ஆண்டு ஏப்ரில் 27ஆம் தேதி அயோவா மாநிலத்து லெ மார்ஸ் நகரில், நீதிபதி சார்ள்ஸ் பிராட்லி என்பவரின் நீதிமன்றத்துட் புகுந்த ஒரு கூட்டம், இனி நிலங்களை ஏலமிடக் கட்டளையிடுவதில்லை என உறுதிமொழி தருமாறு கேட்டது. அவர் மறுத்தார். கூட்டத்தினர் அவரை ஆசனத்திலிருந்து இழுத்துச் சென்று, ஊருக்கு வெளியே கழுத்திற் கயிறிட்டு அச்சுறுத்தினர். உயிருக்குத் தீங்கு நேரவில்லை. ஆயினும் அம்மாவட்டத்தில் இராணுவச் சட்டம் பிரகடனஞ் செய்யப்பட்டது.

இச்சம்பவத்தில் இரு பக்கத்தாரின் நிலைமையையும் எண்ணிப் பார்த்தல் வேண்டும். நிலத்தை இழக்கும் குடும்பத்தின் துயரம் உண்மையானது. நீதிபதியோ தம் விருப்பத்தினாற் கட்டளையிட்டவரல்லர். அன்றிருந்த சட்டத்தின்படியே கட்டளையிட்டார். கயிற்றுக்கு அஞ்சி அளிக்கப்படும் நிவாரணம் நாளை வேறொருவன் கயிற்றுக்கு அஞ்சி மறுக்கப்படும். எனவே, நீதிபதி அவகாசம் கொடுப்பதற்கு வழி செய்யும் சட்டமே தேவையாயிற்று.

அத்தகைய சட்டம் ஒன்றை மினசோட்டா மாநிலம் 1933ஆம் ஆண்டு ஏப்ரில் மாதத்தில், லெ மார்ஸ் சம்பவத்துக்குச் சில நாட்களின் முன்னரே நிறைவேற்றியிருந்தது. ஈட்டை மீட்பதற்குரிய காலத்தை, மனுச்செய்தவரின் நிலைமையை ஆராய்ந்து, நீதிமன்றம் நீடிக்கலாம் என்பது அதன் சாரம். நீடிப்பு 1935ஆம் ஆண்டு மே முதலாம் தேதிக்கு அப்பாற் செல்லலாகாது. அக்காலத்தில் நிலத்திலோ வீட்டிலோ இருப்பவர் இலவசமாக இருக்க முடியாது. நீதிமன்றம் நியாயமெனக் கண்ட வாடகையைச் செலுத்த வேண்டும். முதலும் குறையாது, வட்டியும் நில்லாது. சுருங்கக் கூறின், சட்டம் கடனை அழிக்கவில்லை. காலத்தை மட்டுமே கொடுத்தது.

இச்சட்டம் செல்லுமா என்ற வினா ஐக்கிய அமெரிக்க உயர் நீதிமன்றத்துக்குச் சென்றது. பிளெய்ஸ்டெல் வழக்கு எனப்படும் அவ்வழக்கு மினியாப்பொலிஸ் நகரத்து வீடொன்றைப் பற்றியதேயெனினும், அதன் தீர்ப்பு கமக்காரரின் ஈடுகளையும் தழுவியது. மாநிலங்கள் ஒப்பந்தங்களின் கட்டுப்பாட்டைக் குலைக்கும் சட்டங்களை இயற்றலாகாது என அமெரிக்க அரசியலமைப்புத் தெளிவாகக் கூறுகின்றது. 1934ஆம் ஆண்டு சனவரி 8ஆம் தேதி ஐந்து நீதியரசர் ஒரு பக்கமும் நால்வர் மறுபக்கமுமாக நின்று தீர்ப்பளித்தனர். பிரதம நீதியரசர் சார்ள்ஸ் எவன்ஸ் ஹியூஸ் பெரும்பான்மையோர் சார்பில் எழுதினார். நெருக்கடி புதிய அதிகாரத்தைத் தோற்றுவிப்பதில்லையெனினும், இருக்கும் அதிகாரத்தைப் பயன்படுத்தச் சந்தர்ப்பம் அளிக்கலாம் என்பதும், காலவரையறையும் நியாயமான நிபந்தனைகளும் உள்ளமையால் ஒப்பந்தம் குலையவில்லை என்பதும் அவர் கொண்ட முடிபு. நீதியரசர் சதர்லண்ட் மாறுபட்டார். ஒப்பந்தத்தைக் காக்கும் அவ்விதி நல்ல காலத்துக்கென எழுதப்பட்டதன்று. கடன்பட்டோர் துன்புறும் இத்தகைய காலத்தை எண்ணியே எழுதப்பட்டது என அவர் வாதித்தார். அவ்வாதம் எளிதிற் புறக்கணிக்கத் தக்கதன்று.

வடக்கு டக்கோட்டா மாநிலம் இதனினும் துணிந்து சென்றது. 1933ஆம் ஆண்டில் ஆளுநர் பதவியேற்ற வில்லியம் லாங்கர் கமங்களை ஏலமிடுவதை நிறுத்திப் பிரகடனம் வெளியிட்டு, ஏலங்களைத் தடுக்க மாநிலக் காவற்படையையும் அனுப்பினார். அம்மாநிலச் சட்டமன்றமும் அதே ஆண்டில், விளைபொருளின் விலை உற்பத்திச் செலவுக்குங் கீழே சென்றிருக்கும் காலத்தில் ஏல நடவடிக்கைகளைத் தாமதப்படுத்த நீதிமன்றங்களுக்கு அதிகாரம் அளித்தது. லாங்கரின் பெயரும் அச்சட்டமும் ஐம்பது ஆண்டுகளின் பின் மீண்டும் நினைவுகூரப்பட்டன.

அதே மாநிலத்தவரான செனட்டர் லின் பிரேசியரும் பிரதிநிதி வில்லியம் லெம்கியும் நாடு முழுவதற்கும் பொதுவான வங்குரோத்துச் சட்டம் ஒன்றைக் கொணர்ந்தனர். 1934ஆம் ஆண்டு சூன் மாதத்தில் நிறைவேறிய அச்சட்டத்தின்படி, கடனிறுக்க இயலாத கமக்காரன் வாடகை செலுத்தி ஐந்து ஆண்டுகள் வரை நிலத்தில் இருக்கவும், பின்னர் நிலத்தின் மதிப்பீட்டு விலையை மாத்திரம் செலுத்தி அதனை முழுவுரிமையாகப் பெறவும் முடிந்தது. கடன்தொகை மதிப்பிலும் அதிகமாயிருந்தால், அந்த அதிகம் கடன் கொடுத்தவரின் நட்டமாகும். 1935ஆம் ஆண்டு மே 27ஆம் தேதி, கென்ரக்கி மாநிலத்துக் கமம் ஒன்றைப் பற்றிய ராட்ஃபோர்ட் வழக்கில், உயர் நீதிமன்றம் இச்சட்டம் செல்லாது என ஒருமனதாகத் தீர்த்தது. தீர்ப்பை எழுதிய நீதியரசர் லூயி பிராண்டைஸ் பணக்காரர் சார்பானவர் என எவரும் குறைகூற முடியாதவர். ஈடு பெற்றவருக்கு நிலத்தின்மேல் ஏற்கெனவே உள்ள உரிமைகள் ஒரு சொத்தே; பொதுநன்மைக்காக அதனை எடுப்பதாயின் நியாயமான நட்டஈடு கொடுத்தே எடுக்க வேண்டும் என்று அரசியலமைப்பின் ஐந்தாந் திருத்தத்தை ஆதாரமாகக் காட்டினார்.

தீர்ப்பு வந்து மூன்று மாதங்கள் கழியுமுன், 1935ஆம் ஆண்டு ஓகத்து மாதத்தில், காங்கிரஸ் திருத்திய சட்டத்தை நிறைவேற்றியது. அவகாசம் மூன்று ஆண்டுகளாகக் குறைந்தது. நிலைமையை நோக்கி அதனையும் குறைக்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் கிடைத்தது. பகிரங்க ஏலத்தைக் கோரும் உரிமையும் கடன் கொடுத்தவருக்குப் பாதுகாக்கப்பட்டது. 1937ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில் உயர் நீதிமன்றம் இதனை ஏற்றுக்கொண்டது. அத்தீர்ப்பையும் பிராண்டைசே எழுதினார். சட்டம் தவறியபோது தடுத்து, திருந்தியபோது ஏற்று, நீதிமன்றம் அளவுகோலை இரு பக்கத்தார்க்கும் பொதுவாகப் பிடித்த வரலாறு இது. பன்முறை நீடிக்கப்பட்ட அச்சட்டம் 1949ஆம் ஆண்டில் முடிவுற்றது.

இனி இரண்டாவது காலத்தை நோக்கலாம். வங்கிகள் கடன் கொடுக்க மறுத்த சிறு கமக்காரருக்கு உதவவென ஐக்கிய அமெரிக்க அரசாங்கம் 1946ஆம் ஆண்டில் ‘ஃபார்மர்ஸ் ஹோம் அட்மினிஸ்திரேஷன்’ என்னும் கடன் திணைக்களத்தை அமைத்தது. வேறெங்கும் கடன் பெற முடியாதவர்களே இதனிடம் வரலாம். இளங் கமக்காரரும் புயலாலும் வறட்சியாலும் நட்டமடைந்தவரும் இதனை நாடினர். அதற்குக் கைம்மாறாகத் திணைக்களம் நிலம், பயிர், கால்நடை, இயந்திரம் ஆகிய யாவற்றையும் ஈடாகக் கொண்டது. பாலோ தானியமோ விற்று வந்த பணத்தைக் குடும்பச் செலவுக்கு எடுப்பதற்கும் அத்திணைக்களத்து உத்தியோகத்தரின் சம்மதம் வேண்டும். உணவும், மருந்தும், உழவு இயந்திரத்துக்கு எண்ணெயும் அவர் கையெழுத்தைப் பொறுத்திருந்தன.

1970ஆம் ஆண்டுகளில் தானிய ஏற்றுமதி பெருகிற்று. விலையும் நிலமதிப்பும் உயர்ந்தன. மேன்மேலும் நிலம் வாங்குமாறும் விரிவாக்குமாறும் கமக்காரர் எங்கும் ஊக்கப்பட்டனர். நிலத்தின் வருவாயை நோக்காது அதன் விலையை நோக்கியே கடன்கள் கொடுக்கப்பட்டன. பின்னர்க் காற்றுத் திசைமாறிற்று. 1979ஆம் ஆண்டிலிருந்து பணவீக்கத்தை அடக்க மத்திய வங்கி மேற்கொண்ட நடவடிக்கையால் வட்டி ஏறியது. 1980ஆம் ஆண்டு திசம்பரில் வங்கிகளின் முதன்மை வட்டிவீதம் நூற்றுக்கு 21½ ஆயிற்று. அவ்வாண்டின் தொடக்கத்தில் சோவியத் நாட்டுக்கான தானிய விற்பனையும் தடைசெய்யப்பட்டிருந்தது. அயோவாவில் 1981ஆம் ஆண்டில் ஏக்கரொன்றுக்குச் சராசரி 2,147 டொலர் பெற்ற நிலம், 1986ஆம் ஆண்டில் 787 டொலராக வீழ்ந்தது. ஈடாக வைத்த நிலம் கடனுக்கு ஈடாகாது போயிற்று.

இத்தகைய நாட்களை முன்னறிந்ததுபோல் காங்கிரஸ் 1978ஆம் ஆண்டிலேயே ஒரு விதியை இயற்றியிருந்தது. கடன்பட்டவர் தம் கைக்கு மீறிய காரணங்களால், தம் வாழ்க்கை அளவுக்கு மிஞ்சிப் பாதிக்கப்படாமல் தவணையைச் செலுத்த இயலாத நிலையைத் தற்காலிகமாக அடைந்தால், அவருடைய விண்ணப்பத்தின்மேல் முதலையும் வட்டியையும் செலுத்துங் காலத்தை ஒத்திவைக்கவும், ஏலத்தைத் தவிர்க்கவும் கமத்தொழிற் செயலாளருக்கு அதிகாரம் உண்டு என்பதே அவ்விதி. ஆனால் சட்டப் புத்தகத்தில் இருந்த இவ்விதி அதனால் நன்மையடைய வேண்டிய குடிசைகளைச் சென்றடையவில்லை. விண்ணப்பிக்கும் முறை வகுக்கப்படவில்லை. அத்தகைய உரிமை ஒன்றுண்டு எனக் கடன்பட்டவர்களுக்கு அறிவிக்கப்படவுமில்லை. அதிகாரம் உண்டு என்று சட்டம் கூறுகின்றதேயன்றி, அதனைப் பயன்படுத்தியே தீரவேண்டும் எனக் கூறவில்லை என்பது திணைக்களத்தின் வாதம்.

நடைமுறையோ கொடிதாயிருந்தது. தவணை தவறியவரின் குடும்பச் செலவுப் பணம் முதலில் நிறுத்தப்பட்டது. விளைந்ததை விற்றாலும் பணம் கைக்கு வராது. வழக்காடுவதற்கு வேண்டிய பணத்தையும் எதிர்த்தரப்பே பூட்டி வைத்திருந்தது. முறையிட விரும்பினால், அம்முதல் முடிபில் ஈடுபட்டிருந்த உத்தியோகத்தரிடமே முறையிட வேண்டியிருந்தது. தவறு செய்ததாகக் குற்றஞ்சாட்டப்பட்டவரே தீர்ப்பும் கூறுவாராயின், முறையீட்டினால் யாது பயன்?

1983ஆம் ஆண்டில் வடக்கு டக்கோட்டாவைச் சேர்ந்த ஒன்பது கமக்காரர்கள் இதனை எதிர்த்து அம்மாநிலத்திலுள்ள ஐக்கிய அமெரிக்க மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்தனர். அவர்களுக்காகத் தோன்றிய சட்டத்தரணி சாரா வோகல். அவருடைய பாட்டனார் லாங்கரின் நெருங்கிய துணைவராயிருந்தவர். 1933ஆம் ஆண்டின் நினைவுகள் அக்குடும்பத்துக்குப் புதியனவல்ல. அந்நாளிற் செயலாளராயிருந்த ஜோன் புளொக் தாமும் ஒரு கமக்காரர். அதனால் வழக்கு கோல்மன் எதிர் புளொக் எனப் பெயர்பெற்றது.

வழக்கின் அடிப்படை வாதம் இதுதான். தனியார் வங்கி கடனை அறவிடும்போது ஒப்பந்தமும் மாநிலச் சட்டமுமே அதனைக் கட்டுப்படுத்தும். ஆனால் கடன் கொடுத்தவர் அரசாங்கமாயின், அரசாங்கத்தைக் கட்டுப்படுத்தும் அரசியலமைப்பு அவ்வறவீட்டையுங் கட்டுப்படுத்தும். உரிய சட்டமுறையின்றி எவருடைய சொத்தையும் அரசாங்கம் பறிக்கலாகாது என்பது ஐந்தாந் திருத்தம். உரிய முறை என்பதன் குறைந்தபட்சப் பொருள், முன்னறிவித்தலும், தன் பக்கத்தை எடுத்துரைக்கும் வாய்ப்பும், நடுநிலை தவறாத விசாரணையாளருமாம். பொதுவுதவிப் பணம் பெறுவோரின் உதவியை நிறுத்துமுன் விசாரணை வேண்டும் என 1970ஆம் ஆண்டில் உயர் நீதிமன்றம் கூறியிருந்தது. தன் நிலத்தில் விளைந்ததை விற்று வந்த பணத்தில் உண்ண விரும்பும் கமக்காரனுக்கு அதனினுங் குறைந்த பாதுகாப்புப் போதுமா?

நீதிபதி புரூஸ் வான் சிக்கிள் அவ்வாண்டு மே மாதத்தில் வடக்கு டக்கோட்டாக் கமக்காரர்க்கு இடைக்காலத் தடையுத்தரவை வழங்கினார். நவம்பர் 14ஆம் தேதி வழக்கை நாடு முழுவதிலுமுள்ள கடனாளிகளின் பொதுவழக்காக ஏற்று உத்தரவை விரித்தார். இரண்டு இலட்சத்துக்கு மேற்பட்ட குடும்பங்கள் அதன் நிழலில் வந்தன. 1984ஆம் ஆண்டு பெப்ருவரியில் அது நிரந்தர உத்தரவாயிற்று.

அவ்வுத்தரவு கேட்டவை அளவானவை. முழுக்கடனையும் உடனே கோருமுன்னும், ஏலமிடுமுன்னும், குடும்பச் செலவுப் பணத்தை நிறுத்துமுன்னும் முப்பது நாள் முன்னறிவித்தல் கொடுத்தல் வேண்டும். காரணங்களைக் கூறுதல் வேண்டும். ஒத்திவைப்புக் கோரும் உரிமை உண்டு என்பதையும், எவ்வெவற்றை நோக்கி அது முடிவு செய்யப்படும் என்பதையும் தெரிவித்தல் வேண்டும். கடன்பட்டவர் கேட்டால் விசாரணை நடத்துதல் வேண்டும். அதனை நடத்துபவர் முதல் முடிபில் ஈடுபடாதவராதல் வேண்டும். இவ்வளவே. கடனைத் தள்ளுபடி செய்யுமாறு நீதிமன்றம் கூறவில்லை. யாருக்கு அவகாசம் கொடுக்கத்தகும் என்பதைத் தானே முடிவுசெய்யவுமில்லை. கேட்டபின் முடிவு செய்க என்றே கட்டளையிட்டது.

இச்சிறு கட்டளையை நிறைவேற்றத் திணைக்களத்துக்கு நெடுநாள் பிடித்தது. உரிய விதிகள் 1985ஆம் ஆண்டின் பிற்பகுதியிலேதான் வெளிவந்தன. அதுவரை நாடெங்கும் அத்திணைக்களத்தின் ஏலங்கள் பெரும்பாலும் நின்றிருந்தன. பின்னர் அனுப்பப்பட்ட அறிவித்தற் படிவங்கள் சாதாரண மனிதர் விளங்கிக்கொள்ளத் தக்கனவாயில்லை என 1987ஆம் ஆண்டில் நீதிமன்றம் மீண்டும் தலையிட நேர்ந்தது. விளங்காத மொழியில் எழுதப்படும் அறிவித்தல் அறிவித்தலாகாது என்ற இந்நுட்பம் கவனிக்கத்தக்கது.

வேறொரு பொருத்தமும் கவனிக்கத்தக்கது. 1935ஆம் ஆண்டில் கடன் கொடுத்தவரைக் காத்ததும் ஐந்தாந் திருத்தம். 1983ஆம் ஆண்டில் கடன்பட்டவரைக் காத்ததும் அதே ஐந்தாந் திருத்தம். நட்டஈடின்றிச் சொத்தை எடாதே என்ற பகுதி ஒருவருக்குத் துணை நின்றது. முறையின்றிச் சொத்தைப் பறியாதே என்ற பகுதி மற்றவருக்குத் துணை நின்றது. ஒரே வாசகத்தில் அடுத்தடுத்து நிற்கும் இவ்விரு பகுதிகளையும் சேர்த்து நோக்கினால், நீதிமன்ற நிவாரணம் என்பது ஒருவர் பையிலிருந்து எடுத்து மற்றவர் பையில் இடுவதன்று என்பது புலனாகும்.

தனியார் வங்கிகளிடம் கடன்பட்டவருக்குக் கோல்மன் தீர்ப்பு உதவவில்லை. அவர்களுக்காகவே காங்கிரஸ் 1986ஆம் ஆண்டு ஒற்றோபர் மாதத்தில் வங்குரோத்துச் சட்டத்தின் பன்னிரண்டாம் அதிகாரத்தை இயற்றியது. குடும்பமாகக் கமஞ்செய்வோர் நீதிமன்றத்தில் மனுச்செய்தவுடன் ஏலங்கள் யாவும் நிற்கும். தொண்ணூறு நாட்களுள் அவர் கடனிறுக்குந் திட்டம் ஒன்றைச் சமர்ப்பித்தல் வேண்டும். திட்டம் பொதுவாக மூன்று முதல் ஐந்து ஆண்டுகள் வரை நடைபெறும். அதனை ஏற்பது நீதிபதியின் பொறுப்பு. கடன் கொடுத்தவர்களின் பெரும்பான்மை வாக்கு தேவையில்லை.

ஓர் உதாரணத்தாற் இதனை விளக்கலாம். ஒருவன் மூன்று இலட்சம் டொலர் கடன்பட்டுள்ளான். ஈடாக வைத்த நிலம் இன்று ஒன்றரை இலட்சமே பெறும் எனக் கொள்வோம். ஏலமிட்டால் வங்கிக்குக் கிடைப்பது அதிகமாய் ஒன்றரை இலட்சம். அனைவரும் விற்கும் காலத்தில் அதனினுங் குறைவு. பன்னிரண்டாம் அதிகாரத்தின்படி நிலமதிப்பான ஒன்றரை இலட்சம் ஈட்டுக்கடனாக நின்று, நியாயமான வட்டியோடு பல ஆண்டுகளிற் செலுத்தப்படும். எஞ்சியது ஈடற்ற கடனாகும். திட்ட காலத்தில் குடும்பச் செலவும் கமச்செலவும் போக மிஞ்சும் வருவாய் அதற்குச் செல்லும். திட்டத்தை ஒழுங்காக நிறைவேற்றினால், அதன்பின் எஞ்சுவது தீர்க்கப்பட்டதாகும். வங்கி பெறுவது ஏலத்திற் பெறுவதிலுங் குறையலாகாது என்பதும் விதி. தொடக்கத்தில் 15 இலட்சம் டொலர் வரை கடனுள்ளோரே இவ்வழியை நாட முடிந்தது. 2019ஆம் ஆண்டில் இவ்வெல்லை ஒரு கோடி டொலராக உயர்த்தப்பட்டது. தற்காலிகமாக இயற்றப்பட்ட அதிகாரம் 2005ஆம் ஆண்டில் நிரந்தரமாக்கப்பட்டு, மீன்பிடிக் குடும்பங்களுக்கும் விரிக்கப்பட்டது.

கடன் திணைக்களத்தைப் பொறுத்தவரை, கோல்மன் வழக்கின் பாடங்கள் 1988ஆம் ஆண்டு சனவரியில் கையொப்பமான கமத்தொழிற் கடன் சட்டத்தில் இடம்பெற்றன. ஏலமிடுவதாற் கிடைக்கும் தொகையிலும் கடனைச் சீரமைப்பதாற் கிடைக்கும் தொகை குறையாதாயின், சீரமைப்பே செய்யப்படல் வேண்டும் என அச்சட்டம் விதித்தது. திணைக்களமே 1994ஆம் ஆண்டுச் சீரமைப்பின் பின் மறைந்து, அதன் கமக்கடன் வேலைகள் வேறொரு நிறுவனத்துக்கு மாறின. சாரா வோகல் 1988ஆம் ஆண்டில் வடக்கு டக்கோட்டாவின் கமத்தொழில் ஆணையாளராகத் தெரிவானார். ஐக்கிய அமெரிக்காவில் அத்தகைய பதவிக்குத் தேர்தல் மூலம் தெரிவான முதற் பெண்மணி அவரே.

இந்நிவாரணங்களுக்கு எதிராகக் கூறப்படும் வாதமும் கேட்கத்தக்கதே. தவறியவருக்கு நீதிமன்றம் அவகாசம் அளிக்குமாயின், நாளை கடன் கொடுப்போர் தயங்குவர், வட்டியை உயர்த்துவர், ஒழுங்காகச் செலுத்தும் அயலவனே அச்சுமையைத் தாங்குவான் என்பர். இது வெறும் மிரட்டலன்று. கடன் கொடுக்கும் வங்கியிலுள்ள பணமும் பலருடைய சேமிப்பேயாகும். ஆனால் இங்கே கண்ட நிவாரணங்கள் இவ்வச்சத்தை நோக்கியே அமைக்கப்பட்டுள்ளன. மினசோட்டாவில் வாடகை செலுத்தவேண்டியிருந்தது. பிரேசியர்–லெம்கி சட்டம் திருத்தப்பட்டது. பன்னிரண்டாம் அதிகாரத்தில் ஏலத்திற் கிடைப்பதற்குக் குறையாத தொகை உறுதிசெய்யப்பட்டது. நல்ல நிவாரணம் நேர்மையாகத் தவறியவனையும் வேண்டுமென்றே தவறியவனையும் பிரித்தறிகின்றது. அதற்காகவே விசாரணை வேண்டப்படுகின்றது.

நீதிமன்றத்தால் இயலாதவையும் உண்டு. அது மழையைப் பெய்விக்க முடியாது. கோதுமையின் விலையை உயர்த்த முடியாது. வான் சிக்கிளின் உத்தரவினால் அவகாசம் பெற்றோருட் பலர் பின்னர் நிலத்தை இழந்தனர். உற்பத்திச் செலவுக்கும் விற்பனை விலைக்குமுள்ள இடைவெளியைத் தீர்ப்புக்கள் நிரப்புவதில்லை. அது அரசாங்கத்தின் கொள்கையாலும், கமக்காரரின் கூட்டுறவாலும், கடன் கொடுக்கும்போதே காட்டும் நிதானத்தாலும் நிரம்பவேண்டியது.

ஆயினும், ஒரு குடும்பம் தன் முன்னோர் உழுத நிலத்தை விட்டு வெளியேறுமுன், அதன் பேச்சு ஒருமுறையேனும் கேட்கப்படல் வேண்டும் என்பது சிறிய காரியமன்று. அறிவித்தல் தாளை வாசிக்கத் தெரிந்திருத்தலும், அதிற் குறித்த நாளுக்குமுன் மறுமொழி எழுதுதலும், கணக்குக்களை ஒழுங்காக வைத்திருத்தலும் கடன்பட்டவரின் கடமை. உரிமை உண்டென அறிவித்தலும், கேட்டபின் முடிவு செய்தலும் கடன் கொடுத்தவரின் கடமை. இவ்விரு கடமைகளும் நிறைவேறுகின்றனவா எனப் பார்த்து நிற்பதே நீதிமன்றத்தின் பணி. லெ மார்ஸ் நகரில் 1933ஆம் ஆண்டிற் கயிற்றோடு சென்ற கூட்டத்தினர் கேட்டதும் உள்ளபடி அவகாசமே. ஐம்பது ஆண்டுகளின் பின் ஒன்பது கமக்காரர் அதே அவகாசத்தை மனு ஒன்றினாற் பெற்றனர்.